ஒரு வாத்து, போக வர

மொகாமாரித் துறை,
வெள்ளம் ஏறிய மறுவாரம்.

அன்புள்ள நிஜரா பாய்தேவுவுக்கு,

உன் தம்பி திகந்தா எழுதுவது. நீயும் பின்தேவுவும் சுகமா என்று கேட்டால் சுகம் என்றுதான் எழுதுவாய். அதனால் கேட்கவில்லை. நேராக விஷயத்துக்கு வருகிறேன். இந்தக் கடிதத்தோடு ஒரு வாத்து வரும். அதைச் சமைத்துவிடாதே. உன் வீட்டுக்காரரிடமும் கண்டிப்பாகச் சொல்லிவை. வெள்ளைப் பூசணி போட்ட வாத்துக்கறியைக் கண்டால் பின்தேவு என்ன ஆவார் என்று உங்கள் கல்யாணப் பந்தியிலேயே பார்த்தவன் நான்.

காரணம் இதுதான். நம் துறையிலிருந்து உன் லோகத்துக்கு வரும் நீர்வழியை மூடப் போகிறார்கள். போன வாரம் லோகாந்தரப் போக்குவரத்து வாரியத்திலிருந்து ஆய்வுக்கு ஆள் வந்தார். பர்தாகூர் என்று பெயர், குவாஹாத்தி ஆபீஸ். வழிகாட்ட நட்டிருக்கும் கடைசி மூங்கில் குறிவரைக்கும் படகில் அழைத்துப் போனேன். இந்தப் பக்கத்துத் தண்ணீர் முடிந்து அந்தப் பக்கத்துத் தண்ணீர் தொடங்கும் இடம், உனக்குத்தான் தெரியுமே. ஆழம் பார்க்க ஈயக்குண்டைக் கயிற்றில் கட்டி இறக்கினேன். பாதிதான் நனைந்து வந்தது. மறுபடி இறக்கினேன். நனையவே இல்லை. தபால் படகு இன்னும் உரசிக்கொண்டு போகிறது, அவ்வளவுதான். ஆள் போய் வராத வழி இப்படித்தான் மெலியும். எருமை மேய்க்க அந்தப் பக்கம் போனவர்கள்கூட விட்டுவிட்டார்கள். மிச்சம் நீ ஒருத்திதான். நீயும் மூன்று பிஹுப் பண்டிகையாக வரவில்லை.

மூடினால் மூங்கில்களைப் பிடுங்கிவிடுவார்கள். பிறகு படகு இல்லை, கடிதமும் இல்லை.

வழியை ஆழப்படுத்தலாமே என்று அவரிடம் கேட்டேன். பாக்கை ஒரு கன்னத்தில் ஒதுக்கிக்கொண்டு, "உங்க அக்கா வந்து போகறதுக்கு வாரியம் தூர் வாரணுமாப்பா? கட்டிக் குடுக்கும்போதே பக்கத்து லோகமாப் பாத்துக் குடுத்திருக்கலாமில்ல" என்றார். தபால் படகு ஓட்டும் கர்கேஸ்வர் துடுப்பை விட்டுவிட்டுச் சிரித்தார். எனக்கும் சிரிப்பு வந்தது. அதுதான் எரிச்சல்.

அன்றைக்கே விதிகளை எடுத்துப் படித்தேன். வழி எவ்வளவு மெலிந்தாலும், வெள்ளம் வடிவதற்குள் மூச்சுவிடும் ஒரு பயணி போய்த் திரும்பிவிட்டால் மூடுவதை ஓராண்டு தள்ளிவைக்க வேண்டும். கடிதம் பயணி ஆகாது. வாரிய ஊழியரும் ஆகாது, ஆகவே நானும் கர்கேஸ்வரும் எத்தனை தடவை வந்தாலும் பிரயோஜனமில்லை. ஆனால் பயணி மனிதராக இருக்க வேண்டும் என்று எங்கேயும் இல்லை. எருமைகள் படகேறிய காலத்தில் எழுதியது அல்லவா! பர்தாகூரைத் தொலைபேசியில் பிடித்து வாத்தை அனுப்பலாமா என்று கேட்டேன். வாத்தா என்று இரண்டு தடவை கேட்டுக்கொண்டார். பிறகு, "திரும்பி வரணும்ப்பா. உயிரோட வரணும். அங்க போய்த் தங்கிட்டா செல்லாது" என்று சொல்லி வைத்துவிட்டார்.

ஆக, வாத்துக்குப் போக வர டிக்கெட் போட்டிருக்கிறேன். கர்கேஸ்வர் சீட்டு எழுதும்போது பெயர் கேட்டார். வாத்து என்றேன். "பேரு இல்லாத ஜென்மத்தையெல்லாம் ஏத்த மாட்டேன் இஞ்சினியர் சார். இன்னிக்கு வாத்து, நாளைக்கு முதலை வந்து நிக்கும்" என்றார். 'நிஜு' என்று எழுதச் சொன்னேன். கோபப்படாதே. அவசரத்தில் வேறு பெயர் வரவில்லை.

நீ விட்டுப்போன வாத்துகளின் வம்சத்தில் இது ஒன்றுதான் மிச்சம். ஒரு கால் கொஞ்சம் சாய்ந்து நடக்கும். ஊறவைத்த நெல் போடு. "தோய் தோய்" என்று கூப்பிட வேண்டும். நான் கூப்பிட்டால் யோசித்துவிட்டுத்தான் வரும். கருவி மேசைமேல் ஏறி அசிங்கம் பண்ணும். அது போனால் அறை சுத்தமாக இருக்கும், சத்தமும் இருக்காது. இப்போது துறையைச் சுற்றி நாலு பக்கமும் தண்ணீர். கர்கேஸ்வர் வராத நாளில் என்னோடு பேசுவது அது ஒன்றுதான், அதுவும் திட்டத்தான். எனக்குக் கொஞ்ச நாள் நிம்மதி.

வழியை மூடினால் என்னை துப்ரிக்கு மாற்றுவார்களாம். பதவி உயர்வு. வேண்டாம் என்பதற்கு என்ன காரணம் எழுதுவது என்று யோசித்தேன். ஆபீஸ் ஒப்புக்கொள்கிற மாதிரி ஒன்றும் கிடைக்கவில்லை.

இந்த பிஹுவுக்கு நீ நெய்து அனுப்பும் கமோசாத் துண்டு வரவில்லை. பரவாயில்லை. பழையதே இருக்கிறது. ஓரத்துச் சிவப்புப் பூ மட்டும் உதிர்ந்துவிட்டது. முகம் துடைக்கப் பூ எதற்கு?

இனி நீ எழுதியதற்கு வருகிறேன். அங்கேயே இருந்து இருந்து உன் நிழல் மெலிந்துவிட்டது, இப்போது தரையில் ஒன்றுமே விழுவதில்லை, இப்படியே வந்து இறங்கினால் ஊர் என்ன பேசும் என்று கேட்டிருந்தாய். பேசும். நிழல் இருக்கிறவர்களையே பேசுகிற ஊர். ரேணு அத்தைக்கு விஷயம் தெரிந்துவிட்டது, எப்படி என்று கேட்காதே. "நெழல் இல்லாதவ கொடியில துணி போட்டா, துணிக்காச்சும் நெழல் விழுமாடா?" என்று கேட்டாள். அவள் கவலை அது. போகும்போது, "வந்தா மொதல்ல என் வீட்டுக்குத்தான் வரணும்னு எழுது" என்றாள். எழுதிவிட்டேன்.

நாம்கர் பக்கம், சாமி கும்பிடக்கூடப் போகாதவன் நான். நேற்று போனேன். படகுக்குக் கயிறு கடன் வாங்கத்தான். போனது போனோம் என்று ஒரு விளக்கும் வைத்துவிட்டு வந்தேன்.

வாத்தைத் திருப்பி அனுப்பு. கூடையில் வைத்து கர்கேஸ்வரிடம் கொடுத்தால் போதும், விதி நிறைவேறிவிடும். ஆனால் கூடையில் தனியாக இருந்தால் வழியெல்லாம் கத்தும். யாராவது மடியில் வைத்துக்கொண்டு வந்தால் பேசாமல் இருக்கும். உன் பெயருக்கும் ஒரு சீட்டு எழுதி கர்கேஸ்வரிடம் கொடுத்திருக்கிறேன். அதுவும் போக வரத்தான். இங்கே யாரும் உன்னைப் பிடித்து வைத்துக்கொள்ளப் போவதில்லை.

மழை விட்டபாடில்லை. மூன்று வாரமாக மேகம் கலையவில்லை. இங்கே யாருக்குமே நிழல் இல்லை, பாய்தேவு. எனக்கில்லை, கர்கேஸ்வருக்கில்லை, ரேணு அத்தைக்கும் இல்லை. வெயில் வருவதற்குள் வந்துவிடு.

உன் தம்பி,
திகந்தா