இஸ்திரிப் பெட்டி அம்மன்

மயிலாப்பூர்,
10.5.1995

மரியாதைக்குரிய விஜயராகவன் மாமாவுக்கு,

மஹதி எழுதுகிறேன். டெல்லியில் உங்கள் படத்துக்குப் பரிசு கிடைத்ததை அம்மா தெரு முழுக்கச் சொல்லி முடித்துவிட்டாள். நானும் வாழ்த்தலாம் என்றுதான் இன்லண்ட் லெட்டர் வாங்கினேன். எழுத உட்கார்ந்தபோது மனம் வரவில்லை.

மனிதனுக்கும் இயற்கைக்கும் உள்ள உறவைத் தேடி எங்கள் தெருத் தூங்குமூஞ்சி மரத்தடிக்கு வந்தீர்கள். மரத்தில் சுற்றியிருந்த மஞ்சள் புடவையைப் பார்த்ததும் குதித்தீர்கள். அது அம்மாவுடைய புடவை என்று நான் அன்றே சொன்னேன். மரத்தடியில் இஸ்திரி போடும் தேவானை அக்கா அதைத் தீய்த்துவிட்டாள்; அம்மா அவள் முகத்திலேயே விட்டெறிந்தாள்; தன் வண்டிக்கு மேல் கட்டிய தார்ப்பாயின் கயிறு மரப்பட்டையை அறுக்காமல் இருக்க அக்கா அதை மரத்தில் சுற்றி வைத்தாள். எல்லாம் சொன்னேன். "இதையெல்லாம் யார் கேட்டா? நீ கையைக் கூப்பிண்டு மரத்தைச் சுத்தி வா" என்றீர்கள். டிவியில் வரும் ஆசையில் நானும் மூன்று சுற்று சுற்றினேன். அந்த வெட்கம் என்னுடையது. மற்றதெல்லாம் உங்களுடையது.

படத்தில் இஸ்திரிப் பெட்டி பதிந்த கரியைப் பெரிதாகக் காட்டி, "அம்மனின் சுடர்" என்று தொண்டையைக் கனைத்துக்கொண்டு சொல்கிறீர்கள். ஆவணம் என்றால் சான்று என்று அகராதியில் இருக்கிறது. ஆவணப்படம் எடுப்பவர்கள் அகராதி பார்ப்பதில்லை போலும்.

படம் ஒளிபரப்பான மறு வெள்ளியே எலுமிச்சை மாலை வந்தது. பிறகு உண்டியல், குழல் விளக்கு, திருப்பணிக் குழு. ஊர் அழுக்குத் துணி சாமிக்கு ஆகாது என்று தேவானை அக்காவின் வண்டியை எதிரே டிரான்ஸ்பார்மர் பக்கம் தள்ளிவிட்டார்கள். கத்திரி வெயில், கையில் கரிப்பெட்டி, தலைக்கு மேல் ஓர் இலைகூட இல்லை. நேற்று மயங்கி விழுந்தாள். தண்ணீர் கொண்டுபோனேன். "பொடவ தீஞ்சிதுன்னு உங்கம்மா என்னா பேச்சு பேசிச்சி! இப்போ அந்தக் கரிக்கே கற்பூரம் காட்டிகினு கீது. நான் தீய்க்காட்டி ஏது பாப்பா உங்களுக்கு அம்மன்?" என்று சிரித்தாள். எனக்குச் சிரிப்பு வரவில்லை. அது உன் புடவைதானே என்று அம்மாவிடம் கேட்டேன். "வாயை மூடுடி, தெய்வக் குத்தம்" என்று கன்னத்தில் போட்டுக்கொண்டாள்.

பத்தொன்பதாம் தேதி மரத்தைச் சுற்றிச் சிமெண்ட் மேடை போடப்போகிறார்கள். அதன் பிறகு வண்டிக்கு அங்கே இடமே இருக்காது. வேருக்கும் தண்ணீர் இறங்காது. இது ஏழாம் வகுப்புப் புத்தகத்திலேயே இருக்கிறது. குழுத் தலைவர் நல்லசிவம் சாரிடம் உண்மையைச் சொன்னேன். "டைரக்டரே டிவியில சொல்லிட்டாரு, நீ என்னம்மா புதுசா?" என்றார்.

ஆகவே நீங்கள்தான் சொல்ல வேண்டும். "அது இஸ்திரிப் பெட்டி சுட்ட கரி, எனக்கு முன்பே தெரியும்" என்று அவருக்கு உடனே ஒரு தந்தி கொடுங்கள். பரிசைத் திருப்பிக் கொடுக்கச் சொல்லவில்லை. அவ்வளவு பெரிய காரியத்தை உங்களிடம் நான் எதிர்பார்க்கவில்லை.

பெரியவர்களுக்கு எழுதும் கடிதத்தை நமஸ்காரத்தோடு முடிக்க வேண்டும் என்று தெரியும். தேவானை அக்கா நிழலுக்குத் திரும்பும் அன்று அதைத் தனியாக ஒரு கார்டில் எழுதி அனுப்புகிறேன்.

இப்படிக்கு,
மஹதி