ரப்பர்த் துண்டு

8.7.74 திங்கள்
சோளகக் காற்று. கண்ணெல்லாம் மணல். கிணற்றடியில் மண்ணெண்ணெய்ப் பம்ப் பூட்டி முடிந்தது. மேலே தொட்டி, கீழே குழாய். ஒழுக்கு இல்லை.
பூட்டியது அக்காவுக்காக. மாதத்தில் மூன்று நாள் துடக்கென்று பின்கொட்டிலில் அடைவு. கிணற்றைத் தொடக்கூடாது. அம்மா அள்ளி ஊற்றினால்தான் குளிப்பு. பள்ளிக்கூடத்துக்குப் படிப்பிக்கப் போகவும் விடமாட்டா. மாதாமாதம் லீவு. இனியும் லீவென்றால் வேலையை நிரந்தரமாக்க எழுதமாட்டேன் என்று தலைமையாசிரியர் சொல்லிவிட்டார். இனித் தானே குழாயைத் திறந்து குளித்துவிட்டுப் போகட்டும்.

9.7.74
அக்காவுக்குத் துடக்கு. குழாயில் கை வைக்க அம்மா விடவில்லை. குழாய் தொட்டியில் தொடுப்பு, தொட்டி கிணற்றில் தொடுப்பாம். கத்தினேன். அம்மா கத்தவில்லை.
"கம்பியிலை கறன்ட் ஓடுமெண்டு நீதானே தம்பி படிச்சுப்போட்டு வந்து சொன்னனீ? இதுவும் அப்பிடித்தான்."
டெக்னிக்கல் கொலிஜில் இதற்குப் பதில் படிப்பிக்கவில்லை. விசர்.
அக்கா லீவு.
சைக்கிள் பின் ரியூப் ஒட்ட வேண்டும்.

10.7.74
தொட்டிக்கும் குழாய்க்கும் நடுவில் பைப்பை வெட்டி ஒரு முழம் ரப்பர் பைப் பூட்டினேன். ரப்பரில் கறன்ட் ஓடாது, துடக்கும் ஓடாது என்றேன். பகிடிக்குத்தான். அம்மா தடவிப் பார்த்து, யோசித்து, ஓம், அப்ப குளிக்கட்டும் என்றா.
வென்ற புளுகத்தில் சிரித்துக்கொண்டு கொட்டிலுக்கு ஓடினேன். அக்கா சிரிக்கவில்லை.
"அப்ப நான் கறன்ட். தொட்டா அடிப்பன். அம்மா வாயாலை சொன்னதை நீ பைப் வெட்டிக் காட்டிப்போட்டாய்."
குழாயைத் தொடவே இல்லை. இன்றும் லீவு.
முதலில் அவவில் கோபம். பிறகு, அவ சொன்னது சரியென்று கோபம்.

11.7.74
விடியக் கப்பிச் சத்தம். அக்கா. கிணற்றில் தானே வாளி விட்டு, தானே அள்ளிக் குளிப்பு. அம்மா குசினி வாசலில், வாயில் கை. அக்கா சீலை உடுத்து, குடையை எடுத்து, பஸ்ஸுக்குப் போய்விட்டா.
"பம்பைப் போடு தம்பி. துடக்குக் கழியக் கிணத்தை அடிமட்டும் ஒட்ட இறைக்க வேணும்" என்றா அம்மா.
இந்த வெயிலில் ஒட்ட இறைத்தால் உப்புத்தான் ஊறும். எங்கள் நாரந்தனையில் நல்ல தண்ணீர்க் கிணறு எத்தனை? அம்மாவுக்குத் தெரியாததா?
ஏலாது என்றேன். பம்ப் எஞ்சின் பிளக்கைக் கழற்றிச் சட்டைப்பைக்குள் போட்டேன்.
அம்மா வாளியை எடுத்தா. அள்ளி மண்ணில் கொட்டினா. திரும்ப அள்ளினா, கொட்டினா. நான் உதவவில்லை. பிறகு இடுப்பைப் பிடித்துக்கொண்டு நின்றா. உலை வைக்கக் குசினியில் தண்ணீர் இல்லை.
அடுத்த வாளியைக் கொட்டவில்லை. குசினிக்குள் கொண்டுபோனா.
பிளக் இன்னும் என் பையில்.