பிறவியா, பிறகு வந்ததா

வெள்ளிக்கிழமை

இன்று ஆபீசில் ஓர் இடுப்பு மூட்டுக் கோணல் கேஸ். ஒவ்வொரு நோய்க்கும் ஓர் எண் போடும் மெடிக்கல் கோடிங்கில் பிறவிக் கோணலுக்கு ஓர் எண், பிறகு வந்ததற்கு வேறு எண். எது என்று டாக்டர் எழுதவில்லை. நாங்களாக ஊகிக்கக் கூடாது. அவரிடமே கேட்டு அனுப்பினேன்.

சாயங்காலம் தங்கை ரேவதியைப் பெண் பார்க்க ஆம்பூரிலிருந்து வந்தார்கள். அவள் தாங்கித் தாங்கி நடந்து வந்ததும் அம்மா முந்திக்கொண்டாள். "சின்ன வயசுல மாடிப்படில வுழுந்துட்டா."

மாப்பிள்ளையின் அம்மா என்னைப் பார்த்தார். "நீங்க ஆஸ்பத்திரி கோடிங் வேலைதான தம்பி பண்றீங்க. இது பொறவியா, அப்புறம் வந்ததா?"

"டாக்டர் சீட்டப் பாத்துதாங்க சொல்லணும்" என்றேன்.

ரேவதி காபித் தட்டைக் கீழே வைத்தாள். "சீட்டு இன்னாத்துக்கு? பொறந்ததுலருந்தே இப்படித்தான்."

அவர்கள் சீக்கிரமே கிளம்பிப் போய்விட்டார்கள். அம்மா அவளோடு பேசவில்லை. அவள் என்னோடு பேசவில்லை.