மீட்டர் பெட்டியில் இருந்த நான்கு குஞ்சுகள்

மாமி,

உங்கள் வீட்டுக்குப் பெயின்ட் அடிக்கிறார்கள். வாடகைக்கு ஆள் வருகிறது. காலையிலிருந்து மாடிப்படி முழுக்க அதே வாசனை. அந்த வாசனை வந்தாலே எனக்கு நம் சண்டை ஞாபகம் வந்துவிடும். கதவைச் சாத்திக்கொண்டு உட்கார்ந்து இதை எழுதுகிறேன்.

நான் சந்தேகப் பிராணி என்பது உங்களுக்குத் தெரியாததல்ல. தி. நகரில் அப்பாவின் துணிக்கடையில் வளர்ந்தவள். புடவையைப் பார்க்காதே, புரட்டுகிற கையைப் பார் என்று சொல்லித்தான் அப்பா என்னைக் கல்லாவுக்குப் பக்கத்தில் உட்கார வைப்பார். அந்தக் கண்ணோடுதான் இந்த ராஜா அண்ணாமலைபுரம் அடுக்ககத்துக்குக் கல்யாணமாகி வந்தேன். நீங்களோ மயிலாப்பூரில் பிறந்து, கணக்கு வாத்தியாராக ஓய்வுபெற்று, எங்கள் அசோசியேஷனுக்குச் செயலாளராக இருந்தவர். யார் என்ன சொன்னாலும் நம்பிவிடுவீர்கள். "உன்கிட்ட காபியை நீட்டினா, மோந்து பாத்துட்டுன்னாடி வாங்கிக்கறே" என்று சிரிப்பீர்கள். உண்மைதான், மோந்துதான் பார்ப்பேன்.

நம்மைச் சேர்த்தது அந்தக் குண்டுகரிச்சான் குருவி. பங்குனி பிறந்ததும் விடியற்காலையில், கோயில் ஒலிபெருக்கி எழுவதற்கு முன்னால், எதிர் வீட்டு டிஷ் ஆன்டெனா மேல் உட்கார்ந்து விசிலடிக்கும். கறுப்பும் வெள்ளையுமாக, வாலைத் தூக்கிக்கொண்டு, ஏதோ இந்தத் தெருவே தன் பெயரில் இருப்பது போல. சிவன் கரிக்குருவிக்கு மந்திரம் சொல்லிக்கொடுத்து வலிமை தந்த கதையைச் சொன்னீர்கள். அந்தக் கரிக்குருவி இதுதான் என்று யார் பார்த்தார்கள் என்று கேட்டேன். "சிவனையே சந்தேகப்படறியாடி?" என்று தலையில் அடித்துக்கொண்டீர்கள்.

என் ஸ்கூட்டர் கண்ணாடியில் தன் உருவத்தையே பகையாளி என்று நினைத்து அது கொத்திக்கொண்டிருந்தது. கண்ணாடிக்குப் பழைய சாக்ஸ் மாட்டிவிட்டோம். அதன் சாம்பல் நிறப் பெட்டை, கார் நிறுத்துமிடத்துச் சுவரில் கதவு உடைந்து கிடந்த பழைய மீட்டர் பெட்டிக்குள் துடைப்பக் குச்சியும் தேங்காய் நாரும் சேர்த்துக் கூடு கட்டியது. நான்கு முட்டை, வெளிர் பச்சையில் பழுப்புப் புள்ளி. பெட்டைதான் அடைகாத்தது. அவர் பாட்டுப் பாடிக்கொண்டு காவல் இருந்தார். "எல்லா ஆத்துலயும் இதே கதைதான்" என்றீர்கள்.

குஞ்சு பொரித்த நான்காம் நாள், அண்ணன் மகள் கல்யாணத்துக்காக நான் விருதுநகர் கிளம்பினேன். குஞ்சுகளுக்குக் கண்கூடத் திறக்கவில்லை. கட்டடத்துக்குப் பெயின்ட் அடிக்கும் வேலை அந்த வாரம்தான் தொடங்க இருந்தது. "பாத்துக்கோங்க மாமி" என்று சொல்லிவிட்டுப் போனேன்.

பதினொரு நாள் கழித்து வந்து பார்த்தால் பெட்டி காலி. கூடும் இல்லை, துடைத்து வைத்திருந்தார்கள். மற்ற சுவர்களெல்லாம் காய்ந்திருக்க அந்தச் சுவரில் மட்டும் ஈரப் பெயின்ட். ஆண் பறவை வாயில் புழுவோடு மதிலுக்கும் பக்கத்து வீட்டுக்குமாகப் பறந்துகொண்டிருந்தது. குஞ்சைக் காணாமல் தேடி அலைகிறது என்று எடுத்துக்கொண்டேன்.

"எல்லாம் பறந்து போயிடுத்துடி. நானே பாத்தேன். அப்பறந்தான் கூட்டை எடுக்கச் சொன்னேன்" என்றீர்கள்.

எங்கள் கடை மாடியில் புறா குஞ்சு பொரித்தால் ஒரு மாதத்துக்கு மேல் கூட்டிலேயே கிடக்கும். அதுதான் எனக்குத் தெரிந்த பறவைக் கணக்கு. கண் திறக்காத குஞ்சு பதினொரு நாளில் பறந்ததாம்! யாருக்குக் காது குத்துகிறீர்கள் என்று தோன்றியது. அதை நமக்குள்ளேயே வைத்துக்கொண்டிருக்கலாம். அடுத்த ஞாயிறு அசோசியேஷன் கூட்டத்தில், அத்தனை பேர் முன்னால், "பெயின்ட் வேலை நிக்கக்கூடாதுன்னு உசுரோட தூக்கிப் போட்டுட்டு, பறந்துச்சுன்னு பொய் சொல்றாங்க" என்றேன்.

நீங்கள் கையில் இருந்த காகிதத்தை நான்காக மடித்துக்கொண்டு மாடி ஏறிப் போனீர்கள். மறுவாரம் செயலாளர் பொறுப்பை விட்டுவிட்டீர்கள். குற்றமுள்ள நெஞ்சு என்று அதையும் ஒரு சாட்சியாக வைத்துக்கொண்டேன்.

அதன் பிறகு படியில் எதிர்ப்பட்டால் இருவரும் செருப்பைப் பார்த்துக்கொண்டு கடந்தோம். இரண்டு வருஷம். போன ஐப்பசி மழையில் நீங்கள் போய்விட்டீர்கள். நான் மேலே ஏறி வரவில்லை. கீழே குவிந்திருந்த செருப்புகளுக்கு நடுவில் நின்றுவிட்டு வந்துவிட்டேன். இங்கிலாந்திலிருந்து வந்த உங்கள் பிள்ளை காரியமெல்லாம் முடிந்த பிறகு என்னிடம், "அங்க ராபின் வந்தா, செத்துப்போனவா நம்மளப் பாக்க வந்திருக்கான்னு சொல்லுவா" என்றார். மார்பு சிவந்த பறவையாம், கிறிஸ்துமஸ் வாழ்த்து அட்டைகளில் போடுவார்களாம். எனக்கு நம்பிக்கை வரவில்லை. வந்தால் முதலில் என்னைக் கொத்த அல்லவா வருவீர்கள்?

இந்தப் பங்குனியில் மறுபடியும் அதே மீட்டர் பெட்டியில் கூடு. இந்த முறை யாரையும் நம்பத் தயாராக இல்லை. பொரித்த அன்று காலண்டரில் கோடு போட்டேன். தினமும் மூன்று வேளை நானே போய்ப் பார்த்தேன். ஏழாம் நாள் கண் திறந்திருந்தது. பத்தாம் நாள் இறகு. பதின்மூன்றாம் நாள் காலை, வால்கூட முளைக்காத நான்கும் ஒன்றன்பின் ஒன்றாகக் குதித்து, தத்தித் தத்திப் பறந்து, பக்கத்து வீட்டுக் குரோட்டன்ஸ் புதருக்குள் போய் ஒளிந்துகொண்டன. பிறகு அப்பன் வாயில் புழுவோடு மதிலுக்கும் புதருக்குமாகப் பறக்கத் தொடங்கியது.

காலண்டருக்கு முன்னால் நின்று கணக்குப் போட்டேன். அந்த வருஷம் நான் ஊருக்குக் கிளம்பியபோது நான்கு நாள், திரும்பிவரப் பதினொன்று, ஆகப் பதினைந்து. அங்கேயே தரையில் உட்கார்ந்துவிட்டேன். அந்தச் சுவர் ஏன் ஈரமாக இருந்தது என்பதும் அப்போதுதான் உறைத்தது. குஞ்சுகள் போகும்வரை அந்தச் சுவரைத் தொட விடாமல் கடைசியில் அடிக்க வைத்திருக்கிறீர்கள்.

ஆனாலும் என் புத்தி எங்கே போகும்? பறந்திருக்க முடியும் என்றுதான் கணக்கு சொல்கிறது, பறந்தது என்று சொல்லவில்லை என்று ராத்திரியெல்லாம் உள்ளே ஒன்று குடைகிறது. வெட்கமாக இருக்கிறது மாமி.

இன்று மத்தியானம் உங்கள் வீட்டுக்குக் குடிவரப்போகும் பெண் படியில் என்னை நிறுத்தினாள். சின்ன வயசு, அடையாரில் ஏதோ ஆபீஸ். "ஆன்ட்டி, இந்த வீட்ல இருந்த மாமிதான் குருவிக்குஞ்சையெல்லாம் தூக்கிப் போட்டாங்களாமே? வாட்ச்மேன் சொன்னாரு."

இந்தக் கட்டடத்தில் உங்களைப் பற்றி மிச்சம் இருப்பது இதுதான். நீங்கள் இலவசமாகக் கணக்குச் சொல்லிக்கொடுத்த பிள்ளைகள் எல்லாம் வளர்ந்து வீடு மாறிப் போய்விட்டார்கள். நான் சொன்ன வார்த்தை மட்டும் வீடு மாறவில்லை.

"இல்லம்மா. அது நான் கட்டிவிட்ட கதை. குஞ்சுங்க பறந்து போச்சு" என்றேன்.

"நீங்க பாத்தீங்களா?"

"நான் பாக்கல. மாமி பாத்தாங்க. பாத்தேன்னு சொன்னாங்க. எனக்கு அது போதும்."

அவள் என்னை ஏற இறங்கப் பார்த்தாள். நம்பவில்லை. நாளைக்கும் போய்ச் சொல்லப் போகிறேன்.