மேடையில் உன் பெயர்

அன்புள்ள சிக்னே,

கோதன்பர்க்கில் பனி இன்னும் விட்டபாடில்லை. சினிமா போதுமென்று மறுபடி நாடகத்துக்கே வந்துவிட்டேன். அம்மா வேடம்.

செவ்வாய்க்கிழமை மேடையில், மகளாக நடிக்கும் பெண்ணை "மார்கித்!" என்று கூப்பிட வேண்டிய இடத்தில் "சிக்னே!" என்று கூப்பிட்டுவிட்டேன். அவள் தடுமாறவே இல்லை. "இதோ வந்துட்டேம்மா!" என்று ஓடிவந்து கட்டிக்கொண்டாள். எனக்குத்தான் அடுத்த வசனம் வரவில்லை.

திரை விழுந்ததும் இயக்குநர் வந்தார். திட்டப்போகிறார் என்று நினைத்தேன்.

"அந்தப் பேரையே வச்சுக்கலாம். உங்க வாயில நல்லா வருது. யாரு அது?"

"எனக்குத் தெரிஞ்ச பொண்ணு" என்றேன். நீ வளர்ந்த வருடங்களிலெல்லாம் நான் படப்பிடிப்பில் இருந்தேன். என் மகள் என்று சொல்ல வாய் வரவில்லை.

இப்போது தினமும் மாலையில் உன்னைக் கூப்பிடுகிறேன். யாரோ ஒருத்தி ஓடிவருகிறாள்.

சனிக்கிழமையோடு நாடகம் முடிகிறது.

உன் அம்மா