மிளகு தேறிவிட்டாள்

ஜனவரி 9, வியாழன்

பத்தாம் வகுப்பு வினா-விடைக் கையேட்டில் பகுபத உறுப்பிலக்கணம் முடிந்தது. 'நடந்தனர்' என்பதைப் பகுதி, சந்தி, விகாரம், இடைநிலை, சாரியை, விகுதி என்று துண்டு போட்டு, ஒவ்வொரு துண்டுக்கும் பெயர் எழுதி அடுக்கியாயிற்று. பதிப்பக முதலாளி பார்த்தால், "விளக்கம் எதுக்கு சார்? விடை மட்டும் போதும்" என்பார். அவர் சொல்வதும் சரிதான். என் கையேடுகளைப் படித்துத் தேறியவர்கள் ஏராளம். அவர்களில் ஒருவராவது தமிழ் கற்றுக்கொண்டதாக இதுவரை தகவல் இல்லை.

மாலையில் மகளைக் கூட்டி வரப் பள்ளிக்குப் போனேன். வீட்டில் அவள் பெயர் மிளகு. ஆறு வயது, அளவும் காரமும் பெயருக்கு ஏற்றபடி. வகுப்பாசிரியை வாசலிலேயே நிறுத்தினார். மிளகு ஒரு பையனைக் கீழே தள்ளிவிட்டாளாம். அவளே ஒப்புக்கொண்டாளாம்.

"கேட்டதுக்கு, 'நான் பையன் தள்ளு'ன்னு பளிச்சுனு சொல்றா சார். அதான் விளையாட விடாம உக்கார வச்சேன்."

வீட்டில் காலுறையைக் கழற்றும்போதுதான் பார்த்தேன். முட்டியில் தோல் உரிந்து ரத்தம் காய்ந்திருந்தது. மிளகின் முட்டியில். யார் யாரைத் தள்ளினார்கள் என்று கேட்டேன். "நான் பையன் தள்ளு." மறுபடி கேட்டேன். அதே. அப்புறம் அழுதாள்.

ஜனவரி 10

என்னை. பையன். தள்ளினான். இவ்வளவுதானே? ஏன் வரமாட்டேன் என்கிறது?

ஜனவரி 12, ஞாயிறு

மனைவியின் அண்ணன் வந்திருந்தார். விஷயத்தைக் கேட்டுவிட்டுக் காலை நீட்டி உட்கார்ந்துகொண்டார்.

"வாத்தியார் பிள்ளை மக்கு, வைத்தியர் பிள்ளை சீக்குன்னு சும்மாவா சொன்னாங்க மாப்ள? ஒண்ணும் கவலைப்படாதீங்க. நானே அஞ்சு வயசு வரைக்கும் வாயத் தொறக்கல. இப்ப பேசலயா?"

"அதத்தாண்ணா எல்லாரும் கேக்கறோம்," என்றாள் மனைவி. "எப்ப நிறுத்துவ?"

ஜனவரி 17

பேச்சு, மொழிப் பயிற்சி மையம். ஃபினாயில் வாடை அடிக்கும் நீண்ட நடை. அதன் கோடியில் பொம்மைகள் நிறைந்த அறை. பயிற்சியாளர் சின்ன வயதுப் பெண். நாங்கள் நாற்காலியில் உட்காரும் முன்பே மிளகு அவருக்குப் 'பொம்மை டீச்சர்' என்று பெயர் வைத்துவிட்டாள்.

முதற்கட்டப் பரிசோதனை. இரண்டு படங்கள்: ஒன்றில் நாய் துரத்துகிறது, பையன் ஓடுகிறான், மற்றதில் பையன் துரத்துகிறான், நாய் ஓடுகிறது. "நாயைப் பையன் துரத்துறான். எங்க, காட்டு." மிளகு யோசிக்கவே இல்லை. துரத்தும் நாயைக் காட்டினாள். முதலில் நாய் என்று காதில் விழுந்தது. துரத்துவதும் நாயின் குணம்தான். போதாதா?

அடுத்து, குழாய் மூக்கு வைத்த ஒருவன் காலால் ஏதோ விநோதமாகச் செய்துகொண்டிருந்தான். அதற்கு எந்த அகராதியிலும் இல்லாத ஒரு சொல்லை வைத்திருந்தார்கள். "இவன் தினமும் கொப்புறான். நேத்தும் இதையேதான் செஞ்சான். நேத்து இவன்...?"

"கொப்பு," என்றாள் மிளகு.

"கொப்பினான்," என்று பின்னாலிருந்து ஒரு குரல் வந்தது. என்னுடையதுதான். பொம்மை டீச்சர் திரும்பிப் பார்த்தார். "சார், உங்களுக்கு மார்க் கிடையாது."

பிறகு விளக்கினார். "காது நல்லா கேக்குது. புத்தியில ஒரு குறையும் இல்ல. வார்த்தையோட கடைசியில ஒட்டிக்கிட்டு வருது பாருங்க — யாரை, யாருக்கு, நேத்தா நாளைக்கா, அவனா அவளா — அதுதான் இவளுக்குப் பிடிபடல. நாம பேசும்போது அது சட்டுனு ஓடிடும். மத்த பசங்க ஓடறதப் பிடிச்சுக்குவாங்க. இவளுக்கு நிறுத்தி நிதானமா, திரும்பத் திரும்ப, விளையாட்டோட விளையாட்டா காட்டணும். அடம் இல்ல, சோம்பேறித்தனம் இல்ல. உங்க வளர்ப்பும் காரணம் இல்ல."

கடைசி வாக்கியத்தில் மனைவி கண்ணைத் துடைத்துக்கொண்டாள். எனக்கும் கண்ணில் ஏதோ விழுந்தது, ஃபினாயிலாக இருக்கலாம்.

முழுப் பரிசோதனை பிப்ரவரி ஆறாம் தேதி. இதே படங்கள்தான். மதிப்பெண் கோட்டுக்குக் கீழே இருந்தால் மையத்தில் இடம் உண்டு: வாரத்தில் நான்கு நாள் பயிற்சி, பள்ளிக்கும் ஓர் ஆள் வந்து வகுப்பில் பக்கத்தில் உட்கார்ந்து உதவுவார். இந்த ஆண்டுக்கு ஓர் இடம்தான் மிச்சம். "அதுவரைக்கும் வீட்ல எதுவும் சொல்லித் தர வேண்டாம் சார். சும்மா விடுங்க."

தேர்வுத் தேதியையும் சொல்லிவிட்டுப் படிக்காதே என்றும் சொல்லும் ஆளை நான் பார்த்ததே இல்லை. தன்னடக்கம் போலிருக்கிறது.

ஜனவரி 18

படங்களை ஞாபகத்திலிருந்து வரைந்தேன். ஒரு முறை பார்த்த வினாத்தாளை முழுதாகத் திரும்ப எழுதுவது என் தொழிலில் மூச்சு விடுவது மாதிரி. குழாய் மூக்கன் நன்றாக வந்திருக்கிறான். நாய்தான் ஆட்டுக்குட்டி போல இருக்கிறது.

மனைவிக்கு ரத்தப் பரிசோதனைக் கூடத்தில் வேலை. வெறும் வயிற்றோடு வருகிறவர்களுக்காகக் காலையிலேயே போய்விடுவாள். அவள் போன பிறகு, பள்ளிக்குக் கிளம்பும் முன், மிளகும் நானும். மனைவியிடம் சொல்லவில்லை. பலன் தெரிந்ததும் சொல்லிக்கொள்ளலாம்.

ஜனவரி 22

"நேத்து?" "கொப்பினான்." பால் டம்ளரைக் கீழே வைக்காமலே சொல்கிறாள்!

உற்சாகத்தில் தானாகவே ஒரு கதையை ஆரம்பித்தாள். "நேத்து டீச்சர் வா, பெரிய பை —" நிறுத்தித் திருத்தினேன். வந்தாங்க. சொல்லு. வந்தாங்க. இன்னொரு தடவை. வந்தாங்க. பெரிய பையில் என்ன இருந்தது என்பது தெரியாமலே போய்விட்டது.

ஜனவரி 27

'நாயைப் பையன்' என்றால் இடப்பக்கப் படம். 'பையனை நாய்' என்றால் வலப்பக்கம். படத்தைப் பார்க்காமலே கை போகிறது. இதற்குப் பெயர்தான் தயாரிப்பு.

ஜனவரி 31

மனைவி கேட்டாள்: "இவ ஏங்க இப்பல்லாம் எங்கிட்ட ஒண்ணுமே சொல்றதில்ல? நான் செருப்பக் கழட்டறதுக்குள்ள ஸ்கூல் கதை முழுக்கக் கொட்டுவாளே."

பனிக்காலம், தொண்டை கட்டியிருக்கும் என்றேன். பதில் தெரியாதபோது பருவநிலையைப் பற்றி எழுதினால் பாதி மதிப்பெண்ணாவது கிடைக்கும்.

பிப்ரவரி 6

மிளகு தேறிவிட்டாள்.

மனைவிக்கு விடுப்புக் கிடைக்கவில்லை. நான் மட்டும்தான் கூட்டிப் போனேன். பொம்மை டீச்சர் தாளைப் பார்த்தார், மிளகைப் பார்த்தார், மறுபடியும் தாளைப் பார்த்தார். "வயசுக்கு ஏத்த மாதிரியே வந்திருக்கு. இவ்வளவு சீக்கிரம் மாறி நான் பாத்ததில்ல... நல்ல விஷயம்தானே சார்? அப்ப அந்த இடத்த அடுத்து காத்திருக்கற குழந்தைக்குக் குடுத்துடறேன்."

'இடத்த' என்ற இடத்தில் ஏதோ சொல்ல வாயெடுத்தேன். ஆனால் ஜெயித்தவன் வினாத்தாளைத் திரும்பிப் பார்ப்பதில்லை. தலையாட்டிவிட்டு வந்தேன்.

வழியில் ஐஸ்கிரீம். எது வேண்டும் என்றதற்கு மிளகு விரலால் காட்டினாள். கடைக்காரர், "பாப்பாவுக்குப் பேச வராதா சார்?" என்றார்.

"பாஸ் பண்ணிட்டா," என்றேன்.

பிப்ரவரி 7

சோபா மெத்தைக்கு அடியில் இருந்த படங்களை மனைவி எடுத்துவிட்டாள். கத்தவில்லை. கத்தியிருக்கலாம்.

"எங்க லேபுக்குச் சில பேரு வருவாங்க. ரெண்டு நாளைக்கு இனிப்பத் தொடாம இருந்துட்டு வந்து ரத்தம் குடுப்பாங்க. ரிப்போர்ட் நல்லா வந்துருச்சுன்னு சந்தோஷமா போவாங்க. போற வழியிலயே லட்டு. அவங்களப் பாத்து நான் சிரிச்சிருக்கேங்க. வீட்டுக்கு வந்து உங்ககிட்டயே சொல்லிச் சிரிச்சிருக்கேன்."

"குழந்தை ஃபெயிலாகறத எப்படி உக்காந்து பாக்கறது?"

"ஃபெயிலானாத்தான் அவளுக்குத் துணைக்கு ஒரு ஆள் வந்திருக்கும். அந்த ஆள வாசலோட அனுப்பிட்டீங்க."

பிப்ரவரி 8

என்ன காரியம் பண்ணித் தொலைச்சேன்? நோயக் கண்டுபிடிக்க வந்தவங்ககிட்ட நோய ஒளிச்சு வச்சுட்டு வந்திருக்கேன். அதுக்குக் காலையில பாடம் வேற. அவ பேசறதே கொஞ்சம். அந்தக் கொஞ்சத்தையும் 'சொல்லு, இன்னொரு தடவை சொல்லு'ன்னு — போதும்.

பிப்ரவரி 11

வகுப்பாசிரியை முகம் மலர்ந்து சொன்னார்: "இப்பல்லாம் ஒரு புகாரும் இல்ல சார். ரொம்ப அமைதி. வாயே தொறக்கறதில்ல. நல்ல மாற்றம்."

நன்றி சொன்னேன். பாராட்டுக்கு வேறென்ன சொல்வது?

பிப்ரவரி 12

மையத்துக்குப் போய் எல்லாவற்றையும் சொல்லிவிட்டேன். படங்களையும் மேசைமேல் வைத்தேன். பொம்மை டீச்சர் ஒவ்வொன்றாகப் புரட்டினார்.

"எல்லாமே ஞாபகம் இருந்துச்சா?"

"வரிசை உட்பட."

"இது என்ன, ஆடா?"

"நாய்."

சிரித்துவிடுவார் என்று நினைத்தேன். சிரிக்கவில்லை. "அந்த இடத்துக்கு வேற குழந்தை வர ஆரம்பிச்சாச்சு சார். அத என்னால திருப்பி வாங்க முடியாது. இந்தப் படங்களும் இனிமே இவளுக்கு உதவாது." மேசைமேலிருந்த நாட்காட்டியைப் புரட்டினார். "மாசக் கடைசியில மேலிடத்துக் கூட்டம் இருக்கு. இன்னொரு இடம் கேட்டுப் பாக்கலாம். ஆனா கேக்கறதுக்கு என் கையில ஏதாவது இருக்கணும். வீட்ல அவ தன்பாட்டுக்குப் பேசறதப் பதிவு பண்ணிக் கொண்டு வாங்க. அத கேட்டு எழுதி நான் மதிப்பிடறேன். அதுக்கு யாரும் தயார் பண்ணிவிட முடியாது. நீங்ககூட."

"அவ பேசறதே இல்லயே."

"அதத்தான் நீங்க சரி பண்ணணும். அவ தப்பா பேசணும் சார். தாராளமா, உங்க முன்னாடியே."

திருத்துவதை விட்டால் எனக்கு வேறு என்ன தெரியும் என்று வழி நெடுக யோசித்தேன். தெரிந்தவை குறைவு.

பிப்ரவரி 14

அலைபேசியைப் பதிவில் போட்டுவிட்டு மிளகுக்கு எதிரில் உட்கார்ந்தேன். நிமிர்ந்து உட்கார்ந்து கையைக் கட்டிக்கொண்டாள்.

"கொப்பினான்," என்றாள். நான் எதுவும் கேட்கவே இல்லை.

பிப்ரவரி 16

நாற்காலிகளை வரிசையாகப் போட்டால் பேருந்து. மிளகு ஓட்டுநர், நான் பயணி. நான் வாயைத் திறப்பதில்லை. அவளும் திறப்பதில்லை. நாளெல்லாம் மௌனமாகப் பயணம் செய்து எங்கும் போய்ச் சேரவில்லை.

பதிப்பக முதலாளி கையேடு எங்கே என்று கூப்பிட்டார். பேருந்தில் இருக்கிறேன் என்றேன். பொய்யில்லை.

பிப்ரவரி 18

பயணியான நான் தூங்குவது போல நடித்தேன். ஓட்டுநர் பின்னால் வந்து மூக்கைப் பிடித்தார். "அப்பா எறங்கு. ஊர் வா." வந்திடுச்சு என்பது நாக்கு நுனி வரைக்கும் வந்தது. விழுங்கினேன். "எந்த ஊரு?" என்று மட்டும் கேட்டேன். ஓட்டுநர் தன் இருக்கைக்கு ஓடினார். பேருந்து மறுபடி கிளம்பியது.

பிப்ரவரி 19

மச்சான் வந்தார். மருமகளோடு பாம்பு-ஏணி ஆட உட்கார்ந்தார். அவருக்குக் குழந்தைகளிடமும் கள்ளாட்டம் ஆடுவது கொள்கை. பாம்பு கடித்த தன் காயைப் பேசிக்கொண்டே மேலே நகர்த்திவிட்டு, மிளகின் காயை மடியில் ஒளித்தார். வெடித்தது:

"மாமா கள்ளன்! மாமா பாம்பு கடி, மாமா மேல போ! என் காய் மாமா எடு! நான் மாமா குடு இல்ல! நேத்து — நேத்து இல்ல — அன்னிக்கும் மாமா இப்படி செய்! அப்பா மாமா அடி!"

"யாரு யார அடிக்கணும் மாப்ள?" என்றார் மச்சான், நிஜமாகவே சந்தேகத்தோடு.

"மாமா அடி! அப்பா அடி! அம்மா எல்லாம் அடி!" என்று காலை உதைத்துக் கத்தினாள். மூச்சுவிடாமல் திட்டித் தீர்த்தாள். வேற்றுமை உருபு ஒன்றுகூட இல்லை. காலம், பால், இடம் எதுவும் இல்லை. என் காதில் விழுந்ததிலேயே நீளமான பேச்சு. நான் உதட்டைக் கடித்துக்கொண்டு மூலையில் நின்றேன்.

"சொன்னேன்ல மாப்ள, நானே அஞ்சு வயசு வரைக்கும் —"

"அண்ணா," என்றாள் மனைவி, அலமாரி மேலிருந்த அலைபேசியைக் காட்டி. "பதிவாகுது. வாய மூடு."

பிப்ரவரி 21

பொம்மை டீச்சர் காதில் மாட்டிக் கேட்டுக் கேட்டு எழுதினார். ஒவ்வொரு பிழைக்கும் "அருமை" என்றார். என் மகளின் பிழைகளை ஒருவர் இப்படி ரசித்து நான் பார்த்ததில்லை. 'அம்மா எல்லாம் அடி' வந்ததும் பேனாவை வைத்துவிட்டு ஒருவழியாகச் சிரித்தார்.

மார்ச் 3

கூட்டத்தில் இடம் கொடுத்துவிட்டார்கள். வாரத்தில் இரண்டு நாள். நான்கு இல்லை. பள்ளிக்கு ஆள் வரமாட்டார். அடுத்த ஆண்டு பார்க்கலாமாம். கைவிட்டுப் போன மீதி இரண்டு நாளும், வகுப்புக்கு வந்திருக்க வேண்டிய ஆளும் நான் தின்றவை. மனைவி அதைச் சொல்லவில்லை. நான் எழுதி வைக்கிறேன்.

மார்ச் 13, வியாழன்

மையத்து நடையில் உட்கார்ந்திருந்தேன். பக்கத்தில் ஒரு புதிய அப்பா; மடியில் பையன். சட்டைப் பொத்தானைப் போடுவதும் கழற்றுவதுமாக இருந்தார். என்னை அனுபவசாலி என்று எப்படியோ கண்டுகொண்டுவிட்டார்.

"சார், அடுத்த வாரம் எங்களுக்கு டெஸ்ட்டு. உள்ள என்னென்ன கேப்பாங்கன்னு தெரியுமா? சும்மா, வீட்ல கொஞ்சம் பழக்கி வைக்கலாமேன்னு..."

முழு வினாத்தாளும் எனக்கு வரிசையாகத் தெரியும்.

"தெரியாதுங்க," என்றேன். "பையனுக்கு விளையாட என்ன பிடிக்கும்?"

அவர் யோசித்தார். உள்ளே கதவுக்குப் பின்னால் மிளகு யாருடனோ உச்சக் குரலில் சண்டை போட்டுக்கொண்டிருந்தாள். பொம்மையோடா, டீச்சரோடா தெரியவில்லை. எழுந்து போய்க் கதவருகே நின்றேன். திரும்பி வந்து உட்கார்ந்தேன். மறுபடி எழுந்தேன்.

"உக்காருங்க சார்," என்றார் அந்தப் புதிய அப்பா. "நல்லாத்தானே பேசுது குழந்தை?"