கிறிஸ்துமஸ் இல்லாத கட்சால்

அடி கோபக்கார எஸ்தரே,

பெஞ்ச் மாறி உட்கார்ந்தாலும் கடிதத்தைப் படிப்பாய் என்று தெரியும். பேச்சுப்போட்டியில் "கிறிஸ்தவம் வராதிருந்தால்?" என்ற தலைப்புக்கு, "எஸ்தர் பாட்டைக் கேட்காமல் நம் காது பிழைத்திருக்கும்" என்றேன். எல்லோரும் சிரித்தார்கள். நீ எழுந்து போய்விட்டாய்.

அதனால் கிறிஸ்தவம் வராத நம் கட்சால் தீவை ஒழுங்காகவே கட்டிப் பார்த்தேன்! அங்கே கி.பி. இல்லாததால், இது எந்த வருஷம் என்று கேட்டால் ஆளுக்கொரு கணக்கு சொல்வார்கள். ஞாயிறு லீவு கிடையாது. அதைக் கேட்டதும் அப்பா, "அப்போ தெனமும் ரப்பர் பால் வெட்டணுமா? அந்த உலகம் நமக்கு வேணாம் புள்ள!" என்று அலறினார். "செவ்வாக்கெழம லீவு கேட்டு ஸ்ட்ரைக் பண்ணுங்க" என்றாள் அம்மா.

ஒரே குஷி! அடுத்து நம் கதைக்கு வந்தேன், மாட்டிக்கொண்டேன். ஐந்தாம் வகுப்பில் நீ கிறிஸ்துமஸ் பாட்டுக் குழுவோடு எங்கள் குவார்ட்டர்ஸுக்கு வந்தாய். நான் சர்பத்தில் உப்பைப் போட்டுக் கொடுத்தேன். முகம் மாறாமல் குடித்துவிட்டு, இந்தியில் பாராட்டி, "பஹுத் அச்சா! இன்னொண்ணு குடுடி" என்றாய். அப்படித்தான் நாம் சேர்ந்தோம். எவ்வளவு புரட்டிப் போட்டாலும் அந்த உலகத்தில் எனக்குச் சிநேகிதி கிடைக்கவில்லை.

தப்பு என்னுடையதுதான். இருபத்துமூன்றாம் தேதி சாயங்காலம் பாட வரும்போது எங்கள் வாசலைத் தாண்டிப் போய்விடாதே. ஸ்டார் விளக்கு மாட்ட ஆணி அடித்துவிட்டேன். விளக்கை நீதான் கொண்டு வர வேண்டும்.

இப்படிக்கு,
பழைய பெஞ்சில் தனியாக இருப்பவள்